அசையும் படமும் அச்சுப் படமும்

சென்னையிலிருந்து பெங்களூரு நோக்கிச் செல்லும் நெடுஞ்சாலையில், பூவிருந்தவல்லியையும் செம்பரம்பாக்கம் ஏரியையும் கடந்து மேற்கே சென்றால் தண்டலம் என்னும் ஊர் வரும். அங்கே பொறியியற் கல்லூரிகளும் மருத்துவக் கல்லூரியும் இருக்கின்றன. சற்றே அப்பால் இருங்காட்டுக்கோட்டை, திருப்பெரும்புதூர், ஒரகடம் என்று தொழிற்சாலைகள் தொடர்கின்றன. ஆலைப் பேருந்துக்காகச் சாலையோரத்தில் வண்டியை நிறுத்திவிட்டு வேலைக்குச் செல்வோர் அங்கே பலர். அப்படிச் சென்ற ஓர் ஒப்பந்தத் தொழிலாளி ஒரு நாள் மாலை திரும்பி வந்து பார்த்தபோது, அவருடைய மொபெட்டைக் காணவில்லை. தவணை இன்னும் முடியாத வண்டி.

வண்டி நின்ற இடத்துக்கு எதிரே ஒரு ஜெராக்ஸ் கடை. கடையின் வாயிலில் ஒரு கேமரா இருந்தது. நடந்தது முழுவதும் அதில் பதிவாகியிருந்தது. காவல் நிலையத்தில் கொடுக்கும் புகாரோடு ஒரு படமும் இருந்தால் நல்லது என்று யாரோ சொல்ல, அவர் கடைக்காரரை அணுகினார். கடைக்காரர் எனக்குத் தெரிந்தவர். பதிவைக் கணிப்பொறிக்கு மாற்றி, திரையில் ஓடவிட்டு, உரிய இடத்தில் நிறுத்தி, அச்சிடும் பொத்தானை அழுத்தினார். படம் வரவில்லை. அதற்குப் பதிலாக, இன்ன பெயருடைய டி.எல்.எல். கோப்பைக் காணவில்லை, ஆகவே இந்த வேலையைச் செய்ய இயலாது என்று ஓர் அறிவிப்பு வந்தது. மாலை நேரத்தில் கடையில் வேலை பார்க்கும் கல்லூரி மாணவனை அழைத்து, "தம்பி, படம் உள்ளே இருக்கிறது, வெளியே வரமாட்டேன் என்கிறது" என்றார் அவர்.

திரையில் கண்ணுக்கு முன்னே நிற்கும் படம் தாளில் ஏன் வரக்கூடாது? இந்தக் கேள்வியைப் பற்றித்தான் இன்று உங்களோடு பேச விரும்புகிறேன்.

முதலில் அந்த டி.எல்.எல். என்பது என்ன என்று பார்ப்போம். நம் ஊர்களில் திருமணம் என்றால் அண்டா, தவலை, ஜல்லிக் கரண்டி ஆகியவற்றை ஒவ்வொரு வீட்டாரும் விலைக்கு வாங்குவதில்லை. கோயிலிலோ ஊர்ப் பொதுவிலோ ஒரு தொகுதி இருக்கும். விசேஷம் வைத்திருப்பவர் எடுத்துச் சென்று, சமைத்து, துலக்கித் திருப்பி வைப்பார். கணிப்பொறி நிரல்களும் இப்படித்தான் வாழ்கின்றன. வீடியோவைப் படிப்பது, வண்ணத்தை மாற்றுவது, அச்சுப்பொறியோடு பேசுவது போன்ற வேலைகள் எத்தனையோ நிரல்களுக்குத் தேவைப்படும். அவற்றை ஒவ்வொரு நிரலிலும் தனித்தனியே எழுதி வைப்பது வீண். ஒரு முறை செவ்வையாக எழுதி, தனிக் கோப்பாக வைத்துவிட்டால், வேண்டிய நிரல் வேண்டிய நேரத்தில் அதை அழைத்துக்கொள்ளும். இத்தகைய கோப்புக்கு நூலகக் கோப்பு என்று பெயர். விண்டோஸ் இயங்குதளத்தில் இதை டைனமிக் லிங்க் லைப்ரரி என்பார்கள்; டி.எல்.எல். என்பது அதன் சுருக்கம். லினக்ஸில் இதே பொருளுக்கு எஸ்.ஓ. என்ற ஈறு உண்டு.

1985 இல் விண்டோஸ் முதன்முதலில் வெளிவந்த காலத்தில் கணிப்பொறியின் நினைவகம் மிகச் சிறியது. ஆகவே பகிர்ந்துகொள்வது கட்டாயமாக இருந்தது. இன்று நினைவகத்துக்குப் பஞ்சமில்லை. எனினும் பகிர்வு நிலைத்துவிட்டது. பொதுப் பாத்திரத்தின் ஓட்டையை ஒரு முறை அடைத்தால் ஊர் முழுவதற்கும் அடைத்தது போலாகும் என்பதே காரணம். இதற்கு மறுபக்கமும் உண்டு. 2023 ஆம் ஆண்டு செப்டம்பரில், வெப்பி என்ற பட வடிவத்தைப் படிக்கும் நூலகம் ஒன்றில் ஒரு பிழை வெளிப்பட்டது. அந்த ஒரே பிழைக்காகக் குரோம், பயர்பாக்ஸ் முதலிய பல உலாவிகளை ஒருசேரத் திருத்தவேண்டி வந்தது. இன்னொரு தொல்லை, ஒருவர் அண்டாவை எடுத்துக்கொண்டு அதன் இடத்தில் வேறு அளவுள்ள அண்டாவை வைத்துவிட்டுப் போவது. பெயர் அதே பெயர்தான். ஆனால் அடுத்த வீட்டுச் சமையல் கெட்டுப்போகும். ஒரு நிரலை நிறுவும்போது பழைய நூலகக் கோப்பின்மேல் வேறு பதிப்பு எழுதப்பட்டு, மற்றொரு நிரல் படுத்துவிடும். கணிப்பொறியாளர்கள் நெடுநாள் இதை 'டி.எல்.எல். நரகம்' என்றே அழைத்தார்கள். இத் தொல்லையைக் குறைக்க 2000 ஆம் ஆண்டின் விண்டோஸ் பதிப்பிலிருந்து அடிப்படைக் கோப்புகளுக்குக் காவல் ஏற்பட்டது.

நம் கடைக்காரருக்கோ கோப்பே இல்லை. அவர் செய்ய முனைந்தது பலரும் செய்வதுதான். காணாமற்போன கோப்பின் பெயரை இணையத்தில் தேடினார். 'இங்கே இலவசமாகப் பெறலாம்' என்று ஓர் இடம் கண்ணில் பட்டது. மாணவன் தடுத்தான். நூலகக் கோப்பு ஓர் எழுத்தோலை அன்று. கணிப்பொறி கேள்வி கேளாமல் நிறைவேற்றும் கட்டளைத் தொகுதி. பெயர் தெரியாதவன் கொடுத்த கோப்பை நிரலின் அருகே வைப்பது, முகம் தெரியாதவனைச் சமையற்கட்டில் விடுவது போன்றது. கேமரா செய்தவர்களின் மென்பொருளை அவர்களிடமிருந்தே பெற்று மீண்டும் நிறுவுவது ஒரு வழி. குறையுள்ள கோப்பு மைக்ரோசாப்டின் பொதுத் தொகுப்பைச் சேர்ந்ததானால், அந்த நிறுவனமே அதை இலவசமாகத் தருகிறது. அங்கிருந்து பெறலாம். மாணவன் முதல் வழியைச் செய்தான். கால் மணி நேரத்தில் அச்சுப்பொறி தாளை உள்ளே இழுத்தது.

வந்த படம் பயன்படவில்லை. வண்டி நிற்கும் இடத்தில் ஒரு சாம்பல் நிறக் கறை. எண் பலகை இருக்கவேண்டிய இடத்தில் ஒரு வெள்ளைத் தீற்றல். கூடவே இன்னொரு விந்தை. நிறுத்திய நேரம் ஒன்று. அச்சான படத்தின் மூலையில் இருந்த நேரம் அதற்கு ஒரு வினாடி முந்தியது.

கேட்பவர்களில் சிலர், மலிவான கேமரா என்று எண்ணுவீர்கள். முழுமையான விடை அதுவன்று. ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். இன்று பரவலாக உள்ள வீடியோவில் ஒரு படத்துக்குக் குறுக்கே 1920 புள்ளிகள், நெடுக்கே 1080 புள்ளிகள். ஒவ்வொரு புள்ளிக்கும் சிவப்பு, பச்சை, நீலம் என்று மூன்று பைட்டுகள் வேண்டும். ஒரு படத்துக்கு ஏறத்தாழ 62 இலட்சம் பைட்டுகள் ஆகின்றன. வினாடிக்கு 25 படங்கள் வீதம் ஒரு மணி நேரப் பதிவுக்கு ஏறக்குறைய 560 ஜிகாபைட் இடம் தேவை. ஆனால் வினாடிக்கு 4 மெகாபிட் வீதம் பதிவு செய்யும் ஒரு கேமரா, அதே ஒரு மணி நேரத்தை 1.8 ஜிகாபைட்டில் அடக்கிவிடுகிறது. முந்நூறு மூட்டை நெல்லை ஒரே மூட்டையில் கட்டியது போன்ற செயல் இது. எப்படிக் கட்டினார்கள் என்பதை அறிந்தால்தான், பிரிக்கும்போது என்ன வரும், என்ன வராது என்பது விளங்கும்.

முதல் உபாயம் இது. அடுத்தடுத்த படங்கள் பெரும்பாலும் ஒன்றுபோலவே இருக்கும். கடைவாயிலும் மின்கம்பமும் எங்கே போய்விடும்? ஆகவே எப்போதாவது ஒரு முறைதான் முழுப்படம் எழுதப்படுகிறது. பாதுகாப்புக் கேமராக்களில் இது பெரும்பாலும் ஒரு வினாடிக்கோ இரண்டு வினாடிக்கோ ஒன்று. இடையில் உள்ளவை, 'முந்திய படத்தில் இருந்த இந்தத் துண்டு இத்தனை புள்ளி வலப்புறம் நகர்ந்தது. இந்த மூலையில் இவ்வளவு ஒளி கூடியது' என்னும் வேறுபாட்டுக் குறிப்புகளே. அப்படியானால், கடைக்காரர் "உள்ளே இருக்கிறது" என்று சொன்ன படம் உண்மையில் உள்ளே படமாக இல்லை. நூலகம் முந்திய முழுப்படத்தை எடுத்து, குறிப்புகளை ஒன்றன்மேல் ஒன்றாகச் செலுத்தி, அந்தக் கணத்தைப் புதிதாகக் கட்டவேண்டும். சோம்பலாக எழுதப்பட்ட நிரல், கேட்ட கணத்தைக் கட்டாமல், அருகிலுள்ள முழுப்படத்தையே எடுத்துக் கொடுத்துவிடும். ஒரு வினாடி முந்திய நேரம் அச்சானதன் மர்மம் இதுதான். தேநீர்க் கடையில் இதைப் பேசினால் ஒரு வேடிக்கை. ஆனால் வண்டியை எடுத்தவன் யார், பக்கத்தில் வெறுமனே நின்றவன் யார் என்ற கேள்வி எழும்போது ஒரு வினாடி என்பது மிகப் பெரிய காலம்.

இரண்டாவது உபாயம் இன்னும் நுட்பமானது; நம் ஊரோடு தொடர்புடையதும்கூட. பெங்களூரில் பிறந்து அமெரிக்காவில் ஆசிரியராக இருந்த நசீர் அகமது என்பவர், 1972 இல் ஒரு புதிய கணித முறையை ஆராய நிதி வேண்டி அந்நாட்டுத் தேசிய அறிவியல் நிறுவனத்துக்கு விண்ணப்பித்தார். கருத்து மிகவும் எளிமையானதாகத் தோன்றியதால் விண்ணப்பம் ஏற்கப்படவில்லை. அவர் விடவில்லை. தம் மாணவர் டி. நடராஜனோடும், நண்பர் கே. ஆர். ராவோடும் சேர்ந்து வேலையைத் தொடர்ந்தார். அதன் விளைவாக 1974 ஜனவரியில் வெளிவந்த சிறு கட்டுரையே 'டிஸ்கிரீட் கோசைன் டிரான்ஸ்பார்ம்' என்னும் முறையை உலகுக்குத் தந்தது. கே. ஆர். ராவ் 1952 இல் நம் கிண்டிப் பொறியியற் கல்லூரியில் பட்டம் பெற்றவர். தண்டலத்திலிருந்து கிண்டி ஒரு பேருந்துப் பயணத் தொலைவு. அந்தக் கடையில் வேலை செய்த மாணவனுக்கு இது தெரியாது. அவனுடைய பாடநூலில் சூத்திரம் இருந்தது. அதை ஆக்கியவர்களைப் பற்றி ஒரு வரியும் இல்லை. நம் பாடநூல்களின் வழக்கமே அப்படி.

வீணையின் ஒரு தந்தியை மீட்டினால் எழும் ஒலி ஒன்றுபோல் தோன்றினாலும், அதில் அடிநாதமும் அதன்மேல் பல மெல்லிய நாதங்களும் கலந்திருக்கின்றன. அதுபோலவே படத்தை எட்டுக்கு எட்டாக, அதாவது 64 புள்ளிகள் கொண்ட சிறு கட்டங்களாகப் பிரித்து, ஒவ்வொரு கட்டத்தையும் அடிநாதம் போன்ற பரந்த ஒளி, நுண்நாதம் போன்ற மெல்லிய கோடுகள் என்று பகுத்து 64 எண்களாக எழுதுகிறது இந்த முறை. இதுவரையில் ஒன்றும் இழக்கப்படவில்லை. அடுத்த படியில்தான் இழப்பு. நுண்ணிய கோடுகளுக்குரிய எண்களை மனிதக் கண் அவ்வளவாகத் தேடுவதில்லை. ஆகவே அவற்றைத் தோராயமாக்கி, பலவற்றைச் சுழியமாக்கிவிடுகிறார்கள். 1992 இல் வந்த ஜேபெக் தரத்தில் செயற்படுவது இம்முறையே. 2003 இல் வந்த எச்.264 என்னும் வீடியோத் தரம் இதன் நெருங்கிய உறவினம். வானமும் சுவரும் முகமும் இதனால் கெடுவதில்லை. ஆனால் சிறிய எண் பலகையில் 3 என்பதையும் 8 என்பதையும் பிரித்துக் காட்டுவது அந்த நுண்ணிய கோடுதான். இடத்தை மிச்சப்படுத்த எதை முதலில் எறிகிறோமோ, திருட்டு நடந்தபின் அதைத்தான் தேடுகிறோம்.

நிறத்துக்கும் இதே கதிதான். ஒவ்வொரு புள்ளிக்கும் ஒளி தனியே எழுதப்படும். நிறமோ பெரும்பாலும் நான்கு புள்ளிக்கு ஒன்றாகவே எழுதப்படும். அதை நூலகம் மீண்டும் பரப்பி, சிவப்பு பச்சை நீலமாக மாற்றிக் கொடுக்க, அச்சுப்பொறி அதைத் தன் மைகளின் மொழிக்கு மாற்றி, சின்னஞ்சிறு மைத்துளிகளாகத் தாளில் தூவுகிறது. மருத்துவமனையில் கருவிலுள்ள குழந்தையை ஸ்கேன் செய்து தரும் படமும் ஓடும் படத்திலிருந்து நிறுத்தி எடுத்த ஒரு கணந்தான். அது மையால் அன்றி, வெப்பத்தால் கறுக்கும் தாளில் அச்சாவது வழக்கம். வெயிலில் வைத்தால் நாளடைவில் மங்கிவிடும். வீட்டில் அத்தகைய படம் இருப்பவர்கள் ஒரு நகல் எடுத்து வைத்துக்கொள்வது நல்லது.

தாளின் அளவும் ஒரு கணக்கே. ஓர் அங்குலத்துக்கு 300 புள்ளி வீதம் அச்சிட்டால்தான் படம் தெளிவாக இருக்கும் என்பர். 1920 புள்ளியுள்ள படம் அந்தக் கணக்கில் ஆறரை அங்குல அகலத்தைக்கூட எட்டாது. அதில் எண் பலகை 20 புள்ளி அகலமே இருந்தால், பத்து எழுத்துகளும் எண்களும் அந்த இருபதில் நெருக்கியடித்து, ஒவ்வொன்றுக்கும் இரண்டு புள்ளியே கிடைக்கும். இரண்டு புள்ளியில் எந்த எண்ணை எழுத முடியும்? வண்டி ஓடிக்கொண்டிருந்தால் நிலைமை இன்னும் மோசம். மணிக்கு 60 கிலோமீட்டர் வேகத்தில் செல்லும் வண்டி, வினாடியில் ஐம்பதில் ஒரு பங்கு நேரத்துக்குள் 33 சென்டிமீட்டர் நகர்ந்துவிடுகிறது. பழைய வகைக் கேமராக்கள் ஒற்றைப்படை வரிகளை ஒரு முறையும், இரட்டைப்படை வரிகளை அடுத்த முறையும் எழுதியவை. அவற்றின் பதிவில் ஓடும் வண்டியை நிறுத்தி அச்சிட்டால், ஓரங்கள் சீப்பின் பற்களைப்போல் சிதறித் தெரியும்.

'படத்தைப் பெரிதாக்கித் தெளிவாக்க முடியாதா?' என்று கேட்கலாம். திரைப்படத்தில் முடியும். அங்கே காவல் அதிகாரி ஒரு பொத்தானை அழுத்தினால் திருடனின் சட்டைப் பொத்தான்கூடத் தெரியும். நடைமுறையில், பெரிதாக்கும் நூலகம் இரண்டு புள்ளிகளுக்கிடையே அவற்றின் சராசரியை ஒத்த நிறத்தை இட்டு நிரப்புகிறது. புதிய செய்தி எதையும் கொண்டுவருவதில்லை. இந்நாளில் செயற்கை அறிவைக் கொண்டு தெளிவாக்கும் நிரல்கள் வந்திருக்கின்றன. அவை செய்வது அதைவிட அபாயமானது. ஆயிரமாயிரம் படங்களைப் பார்த்த பழக்கத்தால், மங்கிய இடத்தில் இருக்கக்கூடியது எது என்று ஊகித்துத் தெளிவாக வரைந்துவிடுகின்றன. கறை இருந்த இடத்தில் அழகான 8 தோன்றும். அந்த 8 ஐ நம்பிக் காவலர் போய்த் தட்டுவது யாருடைய வீட்டுக் கதவை?

இந்த ஐயம் சட்டத்துக்கும் உண்டு. 2000 ஆம் ஆண்டின் தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் வாயிலாக, இந்தியச் சாட்சியச் சட்டத்தில் 65பி என்னும் பிரிவு சேர்க்கப்பட்டது. கணிப்பொறியில் உள்ள பதிவைத் தாளில் அச்சிட்டால், சில நிபந்தனைகள் நிறைவேறும்போது, அதுவும் ஆவணமே என்றது அப்பிரிவு. மூலப் பதிவையே நீதிமன்றத்தில் கொண்டுவந்து நிறுவாமல் அச்சுப்படியை மட்டும் காட்டினால் அதற்குரிய சான்றிதழ் வேண்டும் என்பதை உச்சநீதிமன்றம் 2014 இல் அன்வர் வழக்கிலும், 2020 இல் அர்ஜுன் பண்டிட்ராவ் வழக்கிலும் வலியுறுத்தியது. 2024 ஜூலை முதல் நாள் நடைமுறைக்கு வந்த பாரதிய சாட்சிய அதிநியமத்தில் 63 ஆம் பிரிவு அந்த இடத்தைப் பெற்றிருக்கிறது. சான்றிதழின் படிவத்தில் கோப்பின் ஹேஷ் மதிப்பையும் குறிக்கவேண்டும். ஒரு கோப்பின் எல்லா பைட்டுகளையும் கணக்கிட்டுப் பெறும் கைரேகை போன்ற எண் அது. ஒரு பைட் மாறினாலும் எண் மாறிவிடும். தாளில் உள்ள படத்துக்கு அத்தகைய கைரேகை இல்லை. எந்தக் கோப்பிலிருந்து அது வந்தது என்று திரும்பிச் செல்ல ஒரு வழி வேண்டும்.

அந்த வழியில் நிற்பவைதாம் நாம் முதலில் கண்ட நூலகக் கோப்புகள். 2000 ஆம் ஆண்டில் பிரான்சைச் சேர்ந்த பாப்ரிஸ் பெல்லார் தொடங்கிய எஃப்.எஃப்.எம்பெக் என்னும் தொகுதி, எண்ணற்ற வீடியோ நிரல்களுக்குள்ளே ஓசையின்றி வேலை செய்கிறது. அதன் மூலநிரல் எவரும் படிக்கத் திறந்தே இருக்கிறது. எந்தக் குறிப்பை எந்தப் படத்தின்மேல் செலுத்துகிறது என்பதை ஒரு கல்லூரி மாணவனும் வரிவரியாகப் பார்க்கலாம். மூடிய நூலகத்தில் அது முடியாது; அது கொடுத்ததை நாம் வாங்கிக்கொள்வதே உண்டு.

கடைக்கு மீண்டும் செல்வோம். மாணவன் மூலக் கோப்பை முதலில் ஒரு படி எடுத்து ஒதுக்கி வைத்தான். பிறகு வி.எல்.சி. என்னும் திறந்த நிரலில் பதிவை ஒவ்வொரு படமாக நகர்த்திப் பார்த்தான். எண் பலகை எந்தப் படத்திலும் தெளியவில்லை. ஆனால் சாலையைக் கடக்க வண்டி ஒரு நொடி தயங்கிய இடத்தில் ஒரு படம் ஓரளவு நன்றாக இருந்தது. மொபெட்டின் முன்கொக்கியில் ஒரு நீலப் பை தொங்குவது தெரிந்தது. "என் சோற்றுப் பை தம்பி அது, என் வீட்டுக்காரி தைத்தது" என்றார் தொழிலாளி. அன்று அவசரத்தில் அதை எடுக்க மறந்து பேருந்தில் ஏறியிருந்தார்.

அந்தப் படத்தை மாணவன் பெரிதாக்காமல், மெருகு பூசாமல் அச்சிட்டான். தாளின் பின்புறத்தில் கோப்பின் பெயர், திரையில் இருந்த நாள், நேரம், முழுப்படத்திலிருந்து அது எத்தனையாவது படம், எந்த நிரலின் எந்தப் பதிப்பில் எடுத்தது என்பவற்றைப் பேனாவால் எழுதினான். கேமராவின் பதிவுப் பெட்டி இடம் நிறைந்தவுடன் பழையதன்மேல் புதியதை எழுதிவிடும் வகையைச் சேர்ந்தது. ஆகவே கடைக்காரர் அதிலிருந்த வட்டைக் கழற்றி, காவலர் கேட்கும் வரையில் மேசை அறையில் பூட்டி வைத்தார். அச்சுக் கூலி வாங்கவில்லை.

வண்டி கிடைத்ததா என்று கேட்பீர்கள். இப்பேச்சை எழுதும் வரையில் கிடைக்கவில்லை. அந்தத் தாள் புகாரோடு சேர்த்துத் தைக்கப்பட்டு இருக்கிறது.